வெறுங்கால் அணி

5 அக்டோபர் 1953, திங்கள்

புது பிசிக்கல் டைரக்டர் கோபாலரத்தினம் இன்று மைதானத்தில் என்னிடம் ஒரு கேள்வி கேட்டார். பயிற்சி பற்றிக் குறிப்பு ஏதாவது எழுதி வைத்திருக்கிறேனா என்று. இருபத்திரண்டு வருஷமாக இந்தக் கல்லூரியின் கால்பந்து அணியை நடத்துகிறவனிடம் வந்து இரண்டு மாதம் ஆன ஆள் கேட்கிறார். எல்லாம் தலையில் இருக்கிறது என்றேன். அவர் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் பதில் சொல்லியிருப்பேன். கையிலிருந்த நோட்டில் என்னவோ எழுதிக்கொண்டு போனார்.

ஆகவே நானும் எழுதுகிறேன். எழுதத் தெரியாதவன் என்று யாரும் நினைக்க வேண்டாம். மெட்ராஸில் இரண்டு வருஷம் படித்து டிப்ளமா வாங்கியவன் இல்லை நான். திருச்சியில் ரயில்வே பட்டறையில் கூலியாக இருந்தபோது ஆங்கிலோ-இந்தியச் சட்டைக்கார ஃபோர்மேன்கள் ஆடுவதை வேலிக்கு வெளியே நின்று பார்த்துக் கற்றேன். ஆட்ட விதிகளின் புத்தகத்தை அகராதி வைத்துக்கொண்டு எழுத்துக் கூட்டிப் படித்தேன். பெரிய ஹாலில் மாட்டியிருக்கும் பலகையில் ஜெயித்த வருஷங்களும், கேப்டன்கள் பெயரும், பிரின்ஸ்பால்கள் பெயரும் இருக்கின்றன. வேதமாணிக்கம் என்ற என் பெயர் அதில் இல்லை. பிரின்ஸ்பால் எவரும் ஒரு பந்தையும் உதைத்ததாக எனக்குத் தெரியாது.

இன்று மழையில் நனைந்த பந்தை ஒரு பையன் சுவர்மேல் வெயிலில் வைத்துவிட்டான். நன்றாகத் திட்டினேன். தோல் வெயிலில் சுருங்கும், பிறகு பலகைதான். ஆமணக்கெண்ணெய் தடவி நிழலில் உலர்த்த வேண்டும். கேப்டன் மாசானமுத்து தானாகவே வந்து எடுத்து நிழலில் வைத்தான். ஒரு தடவை சொன்னால் பிடித்துக்கொள்கிறவன் அவன் ஒருவன்தான்.

9 அக்டோபர், வெள்ளி

குளியலறையில் எறும்பு மொய்க்கிறது. என் மகள் எஸ்தர் எறும்பையும் என்னையும் மாறி மாறிப் பார்க்கிறாள். பள்ளிக்கூட டீச்சர் அல்லவா, எதற்கும் காரணம் வேண்டும் அவளுக்கு.

12 அக்டோபர், திங்கள்

பிரின்ஸ்பால் கூப்பிட்டு அனுப்பினார். டைரக்டரும் இருந்தார். கோப்பைப் போட்டிக் கமிட்டியிலிருந்து தகவல் வந்திருக்கிறதாம்: அடுத்த வருஷம் முதல் எந்த அணியும் வெறுங்காலில் ஆடக் கூடாது, பூட்ஸ் கட்டாயம். இந்த வருஷம் அவரவர் விருப்பம். இந்த வருஷமே பழக்கிவிடலாம் என்கிறார் டைரக்டர். சென்னையிலிருக்கும் பழைய மாணவர்கள் பூட்ஸ் தைத்து அனுப்பச் சம்மதித்துவிட்டார்களாம். எல்லாம் முடிவான பிறகு என்னைக் கூப்பிடுகிறார்கள்.

1938-இல் இதே மைதானத்தில் வெள்ளைக்காரப் பட்டாளத்து அணியை வெறுங்காலில் ஜெயித்ததை எடுத்துச் சொன்னேன். அவர்கள் பூட்ஸ் போட்டுத்தான் ஆடினார்கள், அழுதுகொண்டு போனார்கள். காலுக்கும் பந்துக்கும் நடுவில் ஒரு தோலை வைத்தால் பந்து என்ன சொல்கிறது என்று காலுக்குத் தெரியாது. டைரக்டர் மரியாதையாகத்தான் பேசினார். அது இன்னும் எரிச்சல்.

"நீங்க சொல்றது காய்ஞ்ச தரைக்குச் சரி சார். ஃபைனல் டிசம்பர்ல வருது. மழையில என்ன பண்றது?"

மழையிலும் இருபத்திரண்டு வருஷம் ஆடியிருக்கிறோம் என்றேன். பேச்சு வளர்ந்தது. கடைசியில் நானே சொன்னேன்: வெறுங்காலில் ஆடிக் கோப்பையைக் கொண்டுவந்தால் அணி என்னிடமே இருக்கட்டும். வேறு எப்படி ஆனாலும் ஜனவரியிலிருந்து அணியை டைரக்டர் எடுத்துக்கொள்ளட்டும், நான் மைதானத்துக்குக் கோடு போட்டு வலை கட்டிக்கொண்டு இருக்கிறேன். அப்படியெல்லாம் வேண்டாமே என்று பிரின்ஸ்பால் இழுத்தார். வேண்டும் என்றேன்.

எஸ்தரிடம் சொல்லவில்லை.

20 அக்டோபர், செவ்வாய்

காலையில் கோடு போட்டேன். கொடிக்கம்பம் வரை போய்த் திரும்பிப் பார்த்தால் சுண்ணாம்புக் கோட்டின்மேல் சிவப்பு சிவப்பாகத் துப்பல். வாசலில் டீக்கடை வைத்திருக்கும் பால்துரை தவிர யார் இதைச் செய்வார்கள் என்று நேரே போய்ச் சத்தம் போட்டேன். பால்துரை என் பழைய பேக், தடுப்பாட்டக்காரன். 38-இல் ஆடியவன். அந்த ஆட்டத்தில் ஒரு பட்டாளத்தான் அவன் பாதத்தின்மேல் ஏறி மிதித்தான். அதிலிருந்து கொஞ்சம் சாய்ந்து நடப்பான், உட்கார்ந்தபடியே டீ ஆற்றுவான். ஒரு நாளும் குறை சொன்னதில்லை, ஆகவே வலி ஒன்றும் இருக்காது.

"அண்ணாச்சி, நான் வெத்தல போட்டே ரெண்டு மாசம் ஆச்சு. பல்லு ஆடுது. ஒங்க காலக் கொஞ்சம் பாருங்க" என்றான்.

வலது உள்ளங்காலில் பாட்டில் சில்லு ஒன்று ஏறி, பெருவிரல் பக்கம் வரை கிழித்திருந்தது. மைதானம் முழுக்க நடந்திருக்கிறேன். ஒன்றும் தெரியவில்லை.

எஸ்தர் சில்லைப் பிடுங்கிக் கட்டுப் போடும்போது கேட்டாள். "வலிக்கலியாப்பா?"

இல்லை என்றேன். மெய்யாகவே இல்லை. இதைத்தான் அந்த டைரக்டருக்குக் காட்ட வேண்டும். பழகிய கால் என்றால் இப்படி இருக்க வேண்டும். எஸ்தர் மூஞ்சி வெளுத்துப்போய் ஆஸ்பத்திரி என்றாள், செருப்பு என்றாள். பூட்ஸ் வேண்டாம் என்று சண்டை போட்டுக்கொண்டிருக்கும் நேரத்தில் நான் செருப்புப் போட்டுக்கொண்டு மைதானத்தில் நிற்க முடியுமா? டீச்சருக்கு இதெல்லாம் புரியாது.

27 அக்டோபர், செவ்வாய்

பூட்ஸ் வந்துவிட்டது. ஒவ்வொன்றும் பூசணிக்காய் கனம். அடியில் தோல் வில்லைகளை அடுக்கி ஆணி அடித்திருக்கிறது. பயல்கள் அதைப் போட்டுக்கொண்டு வராந்தாவில் லாடம் அடித்த மாடுபோல் டக் டக்கென்று நடந்தார்கள். பந்தை உதைத்தால் பந்து ஒரு பக்கம், பயல் ஒரு பக்கம். சாயங்காலம் எல்லார் குதிகாலிலும் கொப்புளம். நான் எதுவும் சொல்ல வேண்டிய அவசியமே இல்லை.

மாசானமுத்து மட்டும் கடைசியில் வந்து நின்றான். சாத்தான்குளத்துப் பக்கம் தேரிக்காட்டில், சுடுமணலில் ஓடி வளர்ந்த கால் அவனுடையது. அதுபோல் ஒரு பெருவிரலை நான் பார்த்ததில்லை. அந்த விரலால் பந்தை எங்கே வேண்டுமானாலும் வைப்பான்.

"சார், பொறவு வேலைக்கிப் போவணும்னா போலீஸ் டீமு, மில்லு டீமு, எல்லாம் பூட்ஸுதான் கேக்கான். ஒரு வாட்டி பழகிப் பாத்துக்கிடட்டுமா?"

உன் இஷ்டம் என்றேன். என் குரல் அவனுக்குத் தெரியும். போட்டதைக் கழற்றி என் முன்னாலேயே சாமான் அறையில் வைத்துவிட்டுப் போனான்.

4 நவம்பர், புதன்

முதல் ஆட்டம். வெறுங்கால். காய்ந்த தரை. நாகர்கோவிலிலிருந்து வந்தவர்களை நாலுக்கு ஒன்று. டைரக்டர் கை கொடுத்தார். கொடுக்கட்டும்.

11 நவம்பர், புதன்

தாகம். பானைத் தண்ணீரை நானே காலி செய்கிறேன் என்று எஸ்தர் முணுமுணுக்கிறாள். பெருவிரல் கறுத்திருக்கிறது. சுண்ணாம்பு பட்டால் கறுக்கும். கட்டு நனைந்தால் நாறத்தான் செய்யும். ஆஸ்பத்திரிக்கு டிசம்பர் ஏழாம் தேதி வருகிறேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன். ஃபைனல் ஐந்தாம் தேதி.

உட்கார்ந்தால் இருப்புக் கொள்ளவில்லை. எழுந்து மைதானத்தைச் சுற்றி வந்தேன். சுற்றினால் தலை கிறுகிறுக்கிறது. திரும்ப உட்கார்ந்தேன். திரும்ப எழுந்தேன்.

18 நவம்பர், புதன்

இரண்டு நாளாக மழை. டைரக்டர் அந்தச் சேற்றிலும் பூட்ஸ் பயிற்சி வைத்தார். ஈரத்தில் பூட்ஸ் வழுக்கவில்லை பார்த்தீர்களா சார் என்று பிறகு வந்து கேட்டார். நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன் என்றேன்.

மாசானமுத்து இன்று பூட்ஸோடு இடது ஓரத்தில் முழு ஓட்டமாக வந்து, ஒரே காலை ஊன்றி உள்ளே திரும்பினான். சேறு தெறித்தது, ஆனால் ஊன்றிய கால் ஒரு விரற்கடை நகரவில்லை. பின்னால் வந்தவன் வெறுங்காலோடு சறுக்கிக்கொண்டே எல்லைக்கோட்டைத் தாண்டிப் போய்விட்டான். மாசானம் ஒரு குழந்தைபோலச் சிரித்தான். அவன் பந்து விளையாடும்போது சிரித்து நான் பார்த்ததில்லை. என்னிடம் விளையாடும்போது யாரும் சிரிப்பதில்லை.

24 நவம்பர், செவ்வாய்

இரண்டாவது ஆட்டம் ஒன்றுக்கு சைபர். வெறுங்கால்தான். தரை ஈரம். ஜெயித்தோம் என்று மட்டும் எழுதினால் போதும்.

நம் மைதானத்தில் நடக்கும் ஃபைனலில் மதுரை அணி. பூட்ஸ் அணி.

30 நவம்பர், திங்கள்

பயல்கள் கூடிப் பேசியிருக்கிறார்கள். மழை இருந்தால் ஃபைனலில் பூட்ஸ் போடுவதாக. மாசானம்தான் வந்து சொன்னான். தலையைக் குனிந்துகொண்டு, ஆனால் சொல்லிவிட்டான். சரி என்றேன்.

நான் பிரின்ஸ்பாலிடம் என்ன பேசியிருக்கிறேன் என்பது அவர்களுக்குத் தெரியாது. தெரிவிக்கப் போவதும் இல்லை. பிச்சை கேட்கிற பழக்கம் எனக்கு இல்லை.

2 டிசம்பர், புதன்

சாமான் அறையில் ஓட்டுக் கூரை ஒழுகி பூட்ஸ் எல்லாம் ஊறிப்போயிருந்தது. நேற்றும் இன்றும் நல்ல வெயில். எல்லாவற்றையும் எடுத்து ஷெட்டின் தகரக் கூரைமேல் பரப்பிவிட்டேன். நேற்று காலையிலிருந்து இன்று சாயங்காலம் வரை. ஈரமான சாமானை வெயிலில் போடுவது ஊரில் எல்லாரும் செய்கிறதுதான்.

ஏணியில் ஏறி இறங்கியதில் கட்டு அவிழ்ந்துவிட்டது.

4 டிசம்பர், வெள்ளி

பயல்கள் பூட்ஸ் கேட்டு வந்தார்கள். எடுத்துக் கொடுத்தேன். ஒருவனுக்கும் ஏறவில்லை. நுனி சுருண்டு, தட்டினால் பலகைச் சத்தம். டைரக்டர் ஒன்றைக் கையில் எடுத்து வளைத்துப் பார்த்தார், வளையவில்லை.

"வெயில்ல வெச்சீங்களா சார்?"

"ஈரமா இருந்தது. வெச்சேன்."

"தோல் சுருங்கும்னு..."

"நான் டிப்ளமா படிக்கலை. எனக்கு எப்படித் தெரியும்?"

மாசானமுத்து பக்கத்தில் நின்றுகொண்டிருந்தான். அவன் என்னைப் பார்க்கவில்லை. அலமாரியின் கீழ்த்தட்டில், வெளிச்சம் படாத மூலையில், எண்ணெய் தடவி வைத்திருக்கும் பந்துகளைப் பார்த்தான். பிறகு, "வாங்கடே, வெறுங்காலோட ஆடுவோம்" என்று மற்றவர்களைக் கூட்டிக்கொண்டு போனான். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

சொல்லியிருக்கலாம்.

5 டிசம்பர், சனி

விடியும்போதே மழை. சுண்ணாம்புக் கோடு கரைந்து பால்போல ஓடியது, மறுபடி போட்டேன், மறுபடி கரைந்தது.

முதல் பாதியைப் பற்றி எழுதக் கை வரவில்லை. பயல்கள் சறுக்கினார்கள், எழுந்தார்கள், சறுக்கினார்கள். மதுரைக்காரர்கள் பூட்ஸோடு நின்று நிதானமாக ஆடினார்கள். எங்கள் பேக் விழுந்து கிடக்கும்போது ஒரு கோல் போட்டார்கள். நான் கோட்டோரம் கணுக்கால் வரை சேற்றில் நின்றுகொண்டு கத்தினேன். என்ன கத்தினேன் என்று இப்போது நினைவில்லை.

இடைவேளையில் பயல்களைக் காணோம். தேடினால் எல்லாரும் பால்துரையின் கடையில். நடுவில் பூட்ஸ் குவியல். மாசானம் ஒவ்வொன்றாக எடுத்துப் பலகையில் வைக்கிறான், பால்துரை உட்கார்ந்த இடத்திலிருந்தே விறகு வெட்டும் அரிவாளால் அதன் மூக்கை வெட்டுகிறான். பின்பக்கத்தையும் ஒரு கீறல். கயிறு போட்டு இறுக்கிக் கட்டுகிறார்கள். பயல்களின் விரல்கள் எல்லாம் முன்னால் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. அதைப் பார்த்து அவர்களே சிரித்தார்கள்.

"வாங்க அண்ணாச்சி," என்றான் பால்துரை, அரிவாளை நிறுத்தாமல். "பட்டாளத்தானோட ஆடுனப்போ இந்தப் புத்தி வரலியே நமக்கு. வந்திருந்தா நானும் நின்னுக்கிட்டு டீ ஆத்துவேன்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னான். கடையில் எல்லாரும் சிரித்தார்கள். நான் அவன் காலைப் பார்த்தேன். பலகைக்கு அடியில் மடக்கி வைத்திருந்தான்.

இரண்டாம் பாதியில் வழுக்கவில்லை. இரண்டு கோல். இரண்டாவது மாசானமுத்துவுடையது. ஊன்றிய கால் பூட்ஸில் ஆணி அடித்ததுபோல் நின்றது. உதைத்த காலில் அந்தப் பெருவிரல், வெறும் பெருவிரல், பந்தின் அடியில் நுழைந்து தூக்கி மூலையில் வைத்தது. கீப்பர் நகரவே இல்லை. இருபத்திரண்டு வருஷத்தில் அதுபோல் ஒன்றை நான் கண்டதில்லை.

பயல்கள் கோப்பையை என்னிடம் கொண்டுவந்தார்கள். எனக்கு உடம்பு அனலாக இருந்தது. யாரோ என் தோளைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். டைரக்டர்தான் என்று பிறகு எஸ்தர் சொன்னாள்.

7 டிசம்பர், திங்கள்

ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியில் ஜட்கா வண்டியைக் கல்லூரிக்கு விடச் சொன்னேன். எஸ்தர் அழுதாள். ஐந்து நிமிஷம் என்றேன்.

பிரின்ஸ்பால் அறையில் டைரக்டரும் இருந்தார். சொன்ன வாக்கு சொன்னதுதான், பூட்ஸ் போட்டு ஜெயித்தார்கள், ஜனவரியிலிருந்து அணி டைரக்டருடையது என்றேன். டைரக்டர் எழுந்துவிட்டார்.

"அது பூட்ஸே இல்ல சார். விரல் எல்லாம் வெளியில இருந்தது. அந்த கோலே விரலால போட்டதுதானே. உங்க ஆட்டம்தான் ஜெயிச்சது."

"வழுக்காம நின்னது எதனால? பூட்ஸ்தான்."

"இல்ல சார்."

"பூட்ஸ்தான்யா."

இரண்டு மாதமாக அவர் சொன்னதை நானும் நான் சொன்னதை அவரும் சொல்லிக்கொண்டு நின்றோம். பிரின்ஸ்பால் எங்கள் இருவரையும் பார்த்தார், பிறகு தரையைப் பார்த்தார். நான் நின்ற இடத்தில் கால்கட்டு கசிந்து ஈரமாக இருந்தது. சாமான் அறைச் சாவியை மேஜைமேல் வைத்துவிட்டு வந்தேன். அந்த ஆளின் தயவு எனக்கு வேண்டியதில்லை.

20 டிசம்பர், ஞாயிறு

வலது காலில் பெருவிரலும் பக்கத்து விரலும் இல்லை. சர்க்கரை வியாதியாம். ரொம்ப நாளாக இருந்திருக்கிறதாம், காலில் உணர்ச்சி போய்விட்டதாம். டாக்டர் இங்கிலீஷில் எஸ்தரிடம் சொன்னார், நான் புரிந்துகொண்டேன். பழகிய கால் என்று நான் சொன்னதை அவள் டாக்டரிடம் சொல்லவில்லை. நல்ல பிள்ளை.

ஊசி தினமும் போட வேண்டும். இனி ஜென்மத்துக்கும் வெறுங்காலோடு நடக்கக் கூடாது.

டைரக்டர் சாத்துக்குடியோடு வந்தார். சர்க்கரை வியாதிக்காரனுக்குச் சாத்துக்குடி. விரலால் தூக்கி உதைப்பதைப் பூட்ஸுக்குள் எப்படிச் சொல்லிக்கொடுப்பது என்று கேட்டார். முடியாது என்றேன். நோட்டை எடுத்தார். முடியாதது ஏன் என்று ஒரு மணி நேரம் சொன்னேன். எழுதிக்கொண்டார். போகும்போது சாவியைத் தலையணை அருகே வைத்தார். எடுத்துப் போங்கள் என்றேன். எடுத்துப் போனார்.

27 டிசம்பர், ஞாயிறு

கட்டிலிலிருந்து பார்த்தால் ஒரு வேப்பமரமும் ஒரு சுவரும். மைதானத்துச் சத்தம் இங்கே வராது. வருவதுபோல் இருக்கிறது.

2 ஜனவரி 1954, சனி

வீட்டுக்கு வந்து மூன்று நாள். ஒரு செருப்பும் கட்டோடு ஏறவில்லை. எஸ்தர் இரண்டு கடையில் கேட்டுவிட்டாள். வாசல் வரைகூடப் போகாமல் நாற்காலியில் கிடக்கிறேன்.

சாயங்காலம் மாசானமுத்து வந்தான். ஊருக்குப் போய் வந்திருக்கிறான், கருப்பட்டி கொண்டுவந்திருந்தான். எஸ்தர் வாங்கி உள்ளே மறைத்துவிட்டாள். திங்கட்கிழமை காலையில் பயிற்சி ஆரம்பம், டைரக்டர் சார் வரச் சொன்னார் என்றான். கோடு போட ஆள் வேண்டுமென்றால் வேறு ஆளைப் பார்க்கச் சொல் என்றேன்.

"கோடு போட இல்ல சார். ஒங்களுக்கு நாக்காலி போட்டாச்சு."

பிறகு பையிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்தான். காகிதத்தைப் பிரித்தால் ஒற்றைப் பூட்ஸ், வலது காலுக்கு. ஃபைனலில் அவன் போட்டது. மூக்கு வெட்டியது. அடியிலிருந்த தோல் வில்லைகளைப் பிடுங்கிவிட்டு, உள்ளே பழைய கம்பளித் துணி வைத்துத் தைத்திருந்தான். கட்டுப் போட்ட நுனிக்கு முன்னால் திறந்த இடம் சரியாக இருந்தது.

கையில் வாங்கி அழுத்திப் பார்த்தேன். பலகையாக இருந்த தோல். இப்போது வெண்ணெய்போல் மடங்கியது.

"யாருல இத இப்படி மெதுவாக்குனது?"

"நாந்தான் சார். ஆமணக்கெண்ணெ போட்டேன்." கொஞ்ச நேரம் அந்தக் காகிதத்தை மடித்துக்கொண்டிருந்தான். பிறகு தணிந்த குரலில் சொன்னான். "நெழல்லதான் சார் காய வெச்சேன்."

என் முகத்தைப் பார்க்காமல்தான் சொன்னான். நானும் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. உள்ளே எஸ்தர் பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டது.

காலை நீட்டினேன்.

தரையில் உட்கார்ந்து, என் காலை எடுத்துத் தன் மடிமேல் வைத்து, பூட்ஸை மெதுவாக ஏற்றி, நாடாவை இழுத்துக் கட்டினான். முடிச்சு மேலே துருத்திக்கொண்டிருந்தது. அப்படி விட்டால் அவிழும், தோல் பந்தின் வாய் நாடாவைச் செருகுவதுபோல் உள்ளே தள்ளு என்றேன்.

அவிழ்த்து மறுபடி கட்டினான்.